மோந்தாரியின் இறங்காத பந்து

மோந்தாரி பதின்மூவர் கிளப்பின் சரித்திரத்தைச் சொல்லுங்கள் என்று யாராவது வந்து நின்றால் எனக்கு முதலில் வருவது கோபம்தான். மற்ற கிளப்புகளுக்கு ஜெயித்த கதை இருக்கும், தோற்ற கதை இருக்கும், தோற்றுவிட்டு நடுவரை அடிக்கப்போன கதையாவது இருக்கும். எங்களுக்கு இருந்ததெல்லாம் ஒரே ஒரு உதை, அந்த உதையில் மேலே போன பந்து ஐம்பது வருஷத்துக்கு மேல் கீழே இறங்கவே இல்லை, அவ்வளவுதான் சரித்திரம், எழுதிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தலாம் போலிருக்கும். ஆனால் சாத்த முடியாது. அந்தக் கிளப்புக்கு வேறு நாதியில்லாமல் நான்தான் தலைவியாக இருந்தேன்.

நான் பிலோமேன். புதுச்சேரியில் நெல்லித்தோப்பு. என் வீட்டுக்காரர் சூசைநாதன் பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். புதுச்சேரி இந்தியாவோடு சேர்ந்து, எந்த நாட்டுக் குடியாக இருக்கப்போகிறீர்கள் என்று கேட்டபோது பிரான்சு என்று கையெழுத்துப் போட்டுவிட்டு, பாரிஸுக்குத்தான் கூட்டிக்கொண்டு போகப்போகிறார் என்று நான் கனவு கண்டுகொண்டிருக்க, தெற்கே கர்க்கசோனுக்கு அந்தப் பக்கம், எந்தத் திசையில் திரும்பினாலும் திராட்சைத் தோட்டமும், தோட்டம் முடிகிற இடத்தில் மலையும், வருஷத்தில் பாதி நாள் காதைப் பிய்க்கிற காற்றும் உள்ள மோந்தாரியில், ஒயின் கூட்டுறவுச் சங்கத்தில் பீப்பாய் உருட்டுகிற வேலைக்கு என்னைக் கொண்டுவந்து இறக்கினார். பேருந்தை விட்டு இறங்கியதும் நான் பார்த்தது மாதா கோயில் கோபுரம், அதற்குப் பக்கத்தில் மைதானம், மைதானத்துக்கு மேலே ஆகாயத்தில் சும்மா நின்றுகொண்டிருந்த ஒரு பந்து. கீழேயிருந்து பார்க்கப் பலாக்கொட்டை அளவுதான் தெரிந்தது. "அது என்னங்க?" என்று கேட்டேன். எங்கள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்த ஆள் அண்ணாந்துகூடப் பார்க்காமல், "அதுவா, ஒனோரேயோட பந்து," என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டினார்.

விஷயம் இதுதான். இந்த நாட்டில் ரக்பி ஆட்டம் இரண்டு ஜாதி. ஒன்று பதினைந்து பேர் ஆடுவது, இன்னொன்று பதின்மூன்று பேர் ஆடுவது. வெளியூர்க்காரர் கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். அதே முட்டைப் பந்து, அதே இரண்டு கம்பம், நடுவில் அதே குறுக்குக் கட்டை. ஆனால் எங்கள் பக்கத்தில் பதின்மூன்று வீட்டில் பதினைந்து வீட்டார் பெண் எடுக்கமாட்டார்கள், எடுத்தால் கல்யாணச் சாப்பாட்டில் சண்டை வரும். பதினைந்து பெரிய மனிதர் ஆட்டம், பதின்மூன்று தோட்டக் கூலிகளின் ஆட்டம் என்று பேச்சு. உலகப் போரில் ஜெர்மன்காரன் பாரிஸுக்குள் வந்து, இங்கே இருந்த அரசாங்கம் விஷி என்ற ஊரில் போய் உட்கார்ந்ததும், செய்ய வேறு வேலையே இல்லாதவர்களைப் போலப் பதின்மூவர் ஆட்டத்துக்குத் தடை போட்டார்கள், மைதானம் சட்டை பெஞ்சு எல்லாவற்றையும் பறிமுதல் செய்யச் சொன்னார்கள். நாடு பற்றி எரிகிறது, இவர்களுக்குப் பதின்மூன்று பேர் ஓடுவதுதான் கண்ணை உறுத்தியிருக்கிறது. நினைத்தால் இப்போதும் வயிறு எரிகிறது.

தடை அமலுக்கு வருவதற்கு முந்தின ஞாயிறு, இனிமேல் எப்போது ஆடுவோமோ என்று, ஆற்றுக்கு அந்தக் கரையிலிருக்கும் பிரதால் ஊர்க்காரர்களும் எங்கள் ஊர்க்காரர்களும் கடைசியாக ஒரு ஆட்டம் ஆடினார்கள். பிரதால் பத்துப் புள்ளி, நாங்கள் ஆறு. ஆட்டம் முடிகிற நேரத்தில் எங்கள் ரொட்டிக்கடைக்காரர் நான்கு பேரை இழுத்துக்கொண்டே ஓடிப்போய்க் கோட்டுக்கு அப்பால் பந்தை வைத்துவிட்டார், அதற்கு மூன்று புள்ளி, ஆக ஒன்பது. வைத்த பிறகு ஒரு உதை உண்டு. இரண்டு கம்பத்துக்கும் நடுவே, கட்டைக்கு மேலே பந்து போனால் இன்னும் இரண்டு. உதைக்க வந்தவர் ஒனோரே, பதினெட்டு வயசு, திராட்சைக் கொடி வெட்டுகிற வேலை, கால் அப்படி ஒரு சுத்தம். உதைத்தார். பந்து எழும்பியது, கோயில் மணி உயரத்துக்குப் போனது, கம்பங்களுக்கு இந்தப் பக்கம் ஒரு கை தூரத்தில் நின்றது, நின்றதுதான்.

யாரும் வாயைப் பிளக்கவில்லை. காற்று பிடித்திருக்கிறது, விடும், என்று நினைத்தார்கள். நடுவராக வந்திருந்தவர் பாஸ்தித் வாத்தியார், இரண்டு ஊரையும் சேராத மூன்றாவது ஊர்க்காரர், நேர்மை என்றால் அப்படி ஒரு நேர்மை, சொந்தத் தம்பியைப் பரீட்சையில் பெயிலாக்கியவர். அவர் விசிலை வாயில் வைத்தபடி அண்ணாந்து பார்த்துவிட்டு, "பந்து ஆகாயத்துல இருக்கிற வரைக்கும் ஆட்டம் உசுரோட இருக்கு, யாரும் எடத்தை விட்டு நகரக்கூடாது," என்றார். நகரவில்லை. நகர்ந்தால் விட்டுக்கொடுத்ததாக ஆகிவிடுமே என்று பிரதால்காரர்கள் கோட்டுக்குப் பின்னால் நின்றார்கள், அவர்கள் நிற்கிறார்களே என்று எங்கள் ஆட்கள் நின்றார்கள், இருட்டியதும் பெண்டுகள் சூப்பும் போர்வையும் கொண்டுவந்து கொடுத்தார்கள், விடிந்ததும் தடை அமலுக்கு வந்தது.

காலையில் லாரியில் வந்த அதிகாரிகள் "ஆடக் கூடாதுன்னு சட்டம், தெரியுமா தெரியாதா?" என்று கத்த, "நாங்க எங்கே ஆடுறோம், நிக்கிறோம்," என்று இவர்கள் சொல்ல, அன்று நடந்த கூத்தைப் பார்க்க எனக்குக் கொடுத்துவைக்கவில்லை. சட்டையை உருவிக்கொண்டார்கள், பெஞ்சை ஏற்றினார்கள், குளிக்கிற தகரத் தொட்டியைக்கூட விடவில்லை. பந்தைத்தான் எடுக்க முடியவில்லை. தீயணைப்பு ஏணியைக் கொண்டுவந்தார்கள், பந்து ஏணிக்கு ஒரு முழம் மேலே இருந்தது. ஏணியில் ஏணியைக் கட்டினார்கள், அப்போதும் ஒரு முழம் மேலே இருந்தது. ஒரு சிப்பாய் சுட்டுப் பார்த்தான், குண்டு போன வழியே திரும்பி வந்து அவன் தொப்பியில் விழுந்தது. கடைசியில் பந்து இருப்பதை ஒப்புக்கொள்ளவும் மனசில்லாமல், இல்லை என்று சொல்லவும் வழியில்லாமல், மைதானத்தில் நின்று அண்ணாந்து பார்ப்பவர்களுக்கு அபராதம் என்று பலகை எழுதி வைத்துவிட்டுப் போனார்கள். முதல் அபராதம் சாமியாருக்கு விழுந்தது. நான் பரலோகத்தைப் பார்த்தேன் என்று அவர் சொன்னது எடுபடவில்லை.

மைதானத்தைப் பதினைந்து கிளப்புக்குக் கொடுத்துவிட்டார்கள். அவர்களும் ஆடிப் பார்த்தார்கள், ஆனால் அந்தப் பக்கத்துக் கம்பத்தை நோக்கி அவர்கள் எந்தப் பந்தை உதைத்தாலும் அது மேலே நிற்கிற பந்துக்கு மரியாதை காட்டுவது போல ஒதுங்கி வெளியே போய் விழுந்தது, ஆகையால் அந்தப் பாதியில் ஆட வேண்டி வந்தாலே அவர்கள் முகம் தொங்கிப்போகும். போர் முடிந்தது, அரசாங்கம் மாறியது, பதின்மூன்று ஆடலாம் என்றார்கள். ஆனால் மைதானத்தைத் திருப்பிக் கொடுக்கவில்லை, அதற்கும் மேலே, ரக்பி என்ற பெயரையே வைத்துக்கொள்ளக் கூடாது, 'பதின்மூவர் ஆட்டம்' என்று சொல்லிக்கொள்ளுங்கள் என்றார்கள். ஆட்டம் இருக்கும், பெயர் இருக்காது. எங்கள் ஆட்கள் பக்கத்து ஆட்டுமேய்ச்சலில் கல்லைப் பொறுக்கிவிட்டு ஆடினார்கள், எங்கள் பந்து மதிலுக்கு அந்தப் பக்கம் அடுத்தவன் மைதானத்தின் மேல் நின்றது. நினைத்துப்பாருங்கள், எப்படி இருக்கும்.

ஊர் என்னவோ பழகிக்கொண்டது. மழை பெய்தால் பந்துக்கு நேர் கீழே முட்டை வடிவில் ஒரு இடம் மட்டும் நனையாது, அங்கே தையற்காரி துணி உலர்த்துவாள். பந்தின் நிழல் கோயில் சுவரைத் தொட்டால் மத்தியானச் சாப்பாடு. மலைக்காற்று ஓடு பிரித்துப் போடுகிற நாளிலும் பந்து நகராது, சும்மா தன்னைத்தானே சுற்றிக்கொள்ளும், அது எந்தப் பக்கம் சுற்றுகிறது என்று பார்த்துத்தான் திராட்சைக்கு மருந்தடிப்பார்கள். வருஷா வருஷம் அதே ஞாயிற்றுக்கிழமை, 'நிற்பு' என்று ஒரு நாள். இரண்டு ஊர் ஆட்களும் அவரவர் இடத்தில் போய் இருட்டும்வரை நிற்பார்கள், ஆள் செத்துப்போனால் மகனோ மருமகனோ அந்த இடத்தில் நிற்பான், அன்றைக்கு மட்டும் பதினைந்து கிளப்காரன் பேசாமல் மைதானத்தைத் திறந்துவிடுவான். திருவிழா மாதிரி. பூந்தி விற்பதுதான் பாக்கி.

ஆனால் எல்லாரும் பழகிக்கொண்டாலும் ஒனோரேக்கு மட்டும் வாழ்க்கை அந்தரத்தில் தொங்கியது. கிளப்பைக் காப்பாற்றியவர் என்று தோளில் தூக்கவும் முடியாது, கெடுத்தவர் என்று ஏசவும் முடியாது என்று ஊர் அவரை இரண்டுக்கும் நடுவில் வைத்திருந்தது. காபிக்கடையில் அவருக்கு ஒயின் அரை கோப்பைதான் ஊற்றுவார்கள், மீதி பந்து இறங்கினதும் என்பார்கள், கேலியில்லை, நிஜமாகவே. நான் வந்த புதிதில் அவருக்கு நாற்பது வயசு, ஆள் ஆறடி, தனிக்கட்டை. எங்கள் வீட்டுக்காரருடன் சங்கத்தில் வேலை. எனக்கு அவரை ஒனோரே என்று பேர் சொல்லிக் கூப்பிட நாக்கு வரவில்லை, அண்ணே என்று கூப்பிட்டேன், அவரும் அது என்ன வார்த்தை என்று கேட்டுவிட்டு, "நல்லா இருக்கே, வச்சுக்கங்க மதாம்," என்றார்.

"ஏன் அண்ணே கல்யாணம் கட்டலை?" என்று ஒரு நாள் வாயை வைத்துக்கொண்டு சும்மா இல்லாமல் கேட்டேன். எங்கள் தெருவுக்குத் தபால் கொண்டுவருகிற ஒதெத் அந்த நேரம் பார்த்துச் சைக்கிளில் வந்தாள், வந்து அவர் வீட்டுப் படலுக்கு வெளியே நின்று ஒரு விதைக் கம்பெனிப் புத்தகத்தை நீட்டினாள், அவர் படலுக்கு உள்ளே நின்று வாங்கிக்கொண்டார், இரண்டு பேரும் காற்று அடிப்பதைப் பற்றிப் பேசினார்கள், அவள் போய்விட்டாள். பிறகுதான் தெரிந்தது, அந்த மனுஷன் நாட்டிலுள்ள எல்லா விதைக் கம்பெனிக்கும் செருப்புக் கம்பெனிக்கும் எழுதிப்போட்டு, அவள் தினமும் வந்தே ஆக வேண்டும் என்று தபால் வரவழைத்துக்கொண்டிருந்தார். வீட்டில் நாய்க்குட்டி கூடக் கிடையாது, நாய்த் தீனிப் புத்தகம் வரும்.

ஒதெத் யார் என்றால் பாஸ்தித் வாத்தியாரின் மகள். அந்த ஆட்டத்துக்கு முன்பே அவளுக்கும் ஒனோரேக்கும் பேச்சாகி, திராட்சை அறுவடை முடிந்ததும் கோயிலில் கல்யாண ஓலை வாசிப்பது என்று இருந்தது. பந்து நின்றது, வாத்தியார் கல்யாணத்தையும் நிறுத்திவிட்டார். "ஆட்டம் முடியலை. நடுவர் வீட்டுப் பொண்ணை ஆட்டக்காரனுக்குக் கொடுத்துட்டு, நாளைக்கு நான் என்ன தீர்ப்புச் சொன்னாலும் எவன் நம்புவான்? பந்து இறங்கட்டும்," என்றாராம். அதில் ஒரு நியாயம் இருக்கிறது என்று இரண்டு ஊரும் தலையை ஆட்டியிருக்கிறது, ஒனோரேயும் ஒதெத்தும்கூட ஆட்டியிருக்கிறார்கள். இதுதான் எனக்குப் பொறுக்காது. போதாக்குறைக்கு வாத்தியார் சாகும்போது விசிலை மகள் கழுத்தில் போட்டு, பந்து இறங்கும்போது நீதான் பார்த்துச் சொல்ல வேண்டும் என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடினார். அதுவரைக்கும் அவள் நடுவரின் மகள், அதற்குப் பிறகு அவளே நடுவர். சேசு மரி சூசையே, பெத்த பிள்ளைக்கு எவனாவது இப்படிச் செய்வானா?

என்னை எப்படித் தலைவியாக்கினார்கள் என்று கேட்காதீர்கள், சொல்லிவிடுகிறேன். ஊரில் எல்லாக் குடும்பத்துக்கும் அந்த ஆட்டத்தில் ஒரு தகப்பனோ மாமனோ இருந்தான், ஆகையால் ஒருத்தன் தலைவனானால் இன்னொருத்தன் ஒத்துக்கொள்ளமாட்டான், கூட்டம் போட்டால் நாற்காலி பறக்கும். எங்கள் வீட்டுக்காரர் காலமான பிறகு ஒரு கூட்டத்துக்கு நான் வடை சுட்டுக் கொண்டுபோனேன். சண்டை முற்றியபோது யாரோ என்னைக் காட்டி, "இந்த அம்மாவுக்கு அந்த ஆட்டத்துல யாருமே இல்லையே," என்றார்கள். அடுத்த நிமிஷம் கை தூக்கிவிட்டார்கள். வடையை வைத்துவிட்டு வரப்போனவள் தலைவியாக வீட்டுக்கு வந்தேன்.

தலைவியாகி நான் என்னத்தைக் கண்டேன்? மைதானத்தைக் கேட்டு எத்தனை படி ஏறியிருப்பேன், எத்தனை நாற்காலியில் உட்கார்ந்து எழுந்திருப்பேன். எந்த ஆபீசுக்குப் போனாலும் ஆட்டம் முடிந்ததா அம்மா என்பான். முடியவில்லை என்றால், முடியாத ஆட்டத்துக்கு நாங்கள் என்ன செய்ய முடியும், முடித்துவிட்டு வாருங்கள் என்பான். பையன்கள் ஆட வருவார்கள், மேய்ச்சலில் இரண்டு மாசம் கல்லில் முட்டி பெயர்ந்ததும் பதினைந்துக்குப் போய்விடுவார்கள், அங்கே புல் இருக்கிறது, வெந்நீர் வருகிறது. நல்ல ஆட்டக்காரன் ஒருத்தனைத் தேடிப்பிடித்தால், உங்கள் கிளப் கடைசியாக எப்போது ஜெயித்தது என்று கேட்பான், நான் ஆகாயத்தைக் காட்டுவேன், அவன் போய்விடுவான்.

பிறகு ஒரு வருஷம், கோர்ட்டு வரைக்கும் போய், ரக்பி என்ற பெயரைத் திருப்பிக் கொடுத்தார்கள். ஊரே குடித்தது. மேய்ச்சல் கொட்டகைச் சுவரில் ஆளுயர எழுத்தில் ரக்பி என்று எழுதினோம், கிழவர்கள் அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்து அழுதார்கள். அந்தச் சந்தோஷத்தின் நடுவில்தான் ஒதெத் என்னிடம் வந்து, "பிலோமேன், இந்த வருஷம் நிற்பு முடிஞ்சதும் நான் லீலுக்குப் போறேன்," என்றாள். வேலையிலிருந்து ஓய்வு கொடுத்துப் பல வருஷமாகிவிட்டது, நெஞ்சு சரியில்லை, தனியாக இருக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார், தம்பி மகன் வடக்கே லீல் நகரத்தில் இருக்கிறான், கார் எடுத்துக்கொண்டு வருகிறான். வடக்கே என்றால் நாட்டின் மறு கோடி. எழுபது வயசில் போகிறவள் திரும்பி வருவதற்குப் போகவில்லை என்று எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரியும்.

"அண்ணன்கிட்டச் சொல்லிட்டீங்களாக்கா?"

"படல்ல நின்னு சொன்னேன். சரின்னாரு."

சரின்னாராம்! எனக்கு வந்த ஆத்திரத்தில் கையிலிருந்த தட்டைக் கீழே போட்டேன். "அக்கா, ஒண்ணு கேக்கிறேன். இந்த ஆட்டத்தை முடிக்கிறதுக்குச் சட்டத்துல வழியே கிடையாதா?"

"நடுவரா நான் யாருக்கும் யோசனை சொல்லக்கூடாது. அதனால இத்தனை வருஷம் வாயைத் திறக்கலை," என்றாள். "ஆனா ஒரு கிளப்போட தலைவி நேரடியா சட்டம் என்னன்னு கேட்டா, சொல்லாம இருக்கவும் கூடாது. உதைக்கிற கிளப்பு, இந்த உதை எங்களுக்கு வேணாம்னு விட்டுக்கொடுக்கலாம். தலைவர் மைதானத்துல நின்னு வாயால சொல்லணும். சொன்னா நான் விசில் ஊதலாம்."

"ஊதினா?"

"பிரதால் பத்து. மோந்தாரி ஒன்பது."

இத்தனை தலைவர்கள் இருந்தார்களே, ஒருத்தனுக்காவது இப்படி ஒரு வழி உண்டா என்று கேட்கத் தோன்றவில்லை பாருங்கள். பந்து எப்போது இறங்கும் என்றுதான் எல்லாரும் கேட்டிருக்கிறார்கள்.

கூட்டம் போட்டுச் சொன்னேன். சொல்லி முடிப்பதற்குள் ரெய்மோன் எழுந்துவிட்டான். கோட்டுக்கு அப்பால் பந்தை வைத்தாரே ரொட்டிக்கடைக்காரர், அவருடைய மகன், இப்போது கடை அவனுடையது. "தோக்கச் சொல்றீங்களா மதாம்? எங்கப்பா விலா எலும்பு ரெண்டு உடைஞ்சு வச்ச மூணு புள்ளி அது. வெளியூர்லேர்ந்து வந்த நீங்க ஒரு வார்த்தையில தூக்கிக் குடுப்பீங்களா?"

"தோக்காம இருந்து என்னத்தடா கிழிச்சீங்க?" என்றேன். டா என்றுதான் சொன்னேன், தமிழில், அவனுக்குப் புரிந்துவிட்டது. "ஜெயிக்கவும் இல்லை, தோக்கவும் இல்லை, அண்ணாந்து பாத்துப் பாத்துக் கழுத்துதான் சுளுக்கிக்கிச்சு. ரெண்டு பேரோட வாழ்க்கையை ஆகாயத்துல மாட்டி வச்சுட்டு, கீழே நின்னு குடிச்சுக்கிட்டு இருக்கீங்க." கூட்டம் என் பக்கம் ஒரு கைகூடத் தூக்கவில்லை. தலைவி பதவியை விட்டு இறக்க நிற்பு முடிந்ததும் ஓட்டெடுப்பு என்று முடிவு செய்தார்கள்.

ஒனோரேயிடம் போனேன். கொடி வெட்டிக்கொண்டிருந்தார். "அண்ணே, அந்த உதை வேணுமா, ஒதெத் அக்கா வேணுமா, ஒரே வார்த்தையில சொல்லுங்க," என்றேன்.

"ரெண்டும்," என்றார்.

தலையில் அடித்துக்கொண்டேன். "ரெண்டும்னு கேட்டுக் கேட்டுத்தானே இப்படி நிக்கிறீங்க?"

"நல்ல உதை மதாம் அது. கால்லேர்ந்து போறப்பவே தெரியும். உள்ளேதான் போகும். நான் அவளுக்கு வெறுங்கையோட போகமாட்டேன்." மறுபடி கொடியை வெட்டினார், வெட்ட வேண்டாததையும் வெட்டினார்.

நிற்பு ஞாயிறு வந்தது. அன்றைக்குக் காற்றே இல்லை. பிரதால் ஆட்கள் கோட்டுக்குப் பின்னால், எங்கள் ஆட்கள் இந்தப் பக்கம், ஒனோரே அன்றைக்கு உதைத்த அதே இடத்தில், கோட் போட்டுக்கொண்டு, தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு. அவருக்கு ஒரு எட்டு தள்ளி ஒதெத், கழுத்தில் விசில். மைதானத்துக்கு வெளியே தம்பி மகன் காரில் பெட்டிகளை ஏற்றிக் கட்டிக்கொண்டிருந்தான். நான் உள்ளே நடந்தேன். என்ன செய்யப்போகிறேன் என்று எல்லாருக்கும் தெரியும், ரெய்மோன், "வேணாம் மதாம்," என்று கத்தினான், யாரோ காறித் துப்பினார்கள், ஒரு தக்காளி என் முதுகில் வந்து விழுந்தது. மாதாவே துணை என்று நினைத்துக்கொண்டு, எனக்கிருக்கிற குரலை எல்லாம் சேர்த்து, "மோந்தாரி கிளப் இந்த உதையை விட்டுக்கொடுக்குது," என்றேன். ஒனோரே என்னைத் திரும்பியே பார்க்கவில்லை.

ஒதெத் விசிலை எடுத்து ஊதினாள். அவள் அப்பா ஊதாமல் வாயிலேயே வைத்திருந்த ஊதல் அது, நீளமாகப் போனது.

அந்த ஊதலோடு சேர்ந்தே மேலே பந்து அசைந்தது. அசைந்து, முன்னே நகர்ந்து, ஐம்பது வருஷமும் நடக்காதது போல, அப்போதுதான் ஒனோரேயின் காலை விட்டு வந்தது போல, இரண்டு கம்பத்துக்கும் நட்டநடுவே, கட்டைக்கு மேலே, ஒரு பக்கம் சாயாமல் உள்ளே போய்ப் புல்லில் விழுந்து இரண்டு தரம் குதித்து நின்றது.

எல்லாரும் ஒரே நேரத்தில் கத்தினார்கள். பந்து நகர்ந்த பிறகுதான் விசில் என்று எங்கள் ஆட்கள், விசிலுக்குப் பிறகுதான் பந்து என்று பிரதால்காரர்கள், இரண்டும் ஒன்றாகத்தான் என்று இரண்டு பக்கத்துக் கிழவர்களும். நான் சட்டையில் தக்காளியோடு நின்று ஒதெத்தின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். இப்போது ஆட்டம் எப்படியும் முடிந்தது, நாளைக்கே அவள் கல்யாணம் கட்டலாம். பந்துதான் முந்தி என்று ஒரு சொல் சொல்லிவிட்டால் போதும், எங்களுக்குப் பதினொன்று, ஒனோரேக்கு இரண்டும். சொல்லிவிடு அக்கா, சொல்லிவிடு என்று மனசுக்குள் கும்பிட்டேன்.

ஒதெத்தின் முகம் வெளுத்திருந்தது. "விசில் முந்தி," என்றாள். "உதை செல்லாது. பிரதால் பத்து, மோந்தாரி ஒன்பது."

ரெய்மோன் பாய்ந்து வந்தான். "பொய்! ஐம்பது வருஷமா நின்ன பந்து உள்ளே போச்சு, எல்லாரும் பாத்தோம், உங்க ஒருத்தி காதுக்குத்தான் விசில் முந்தியா? ஒனோரே, நீங்க பக்கத்துல நின்னீங்க, நீங்க சொல்லுங்க!" உடனே எல்லாத் தலையும் ஒனோரே பக்கம் திரும்பியது. அவர் புல்லில் கிடந்த பந்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. நல்ல உதை என்று வாழ்நாள் முழுக்கச் சொன்னார், ஊர் அரை நம்பிக்கைதான் வைத்தது, இதோ நட்டநடுவில் போய்விட்டது, எல்லார் கண்ணாலும் கண்டாயிற்று, வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொன்னால் அது அவருடையது.

"விசில் முந்திதான்," என்றார் ஒனோரே. "நானும் கேட்டேன்."

அவ்வளவுதான், ரெய்மோன் உட்கார்ந்துவிட்டான், புல்லிலேயே. பிரதால்காரர்கள்கூடக் குதிக்கவில்லை, தொப்பியைக் கழற்றிவிட்டு என்ன செய்வது என்று தெரியாமல் நின்றார்கள். எனக்கு அடக்க முடியவில்லை, ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "ஏன் அண்ணே, ஏன், சும்மா இருந்திருக்கக் கூடாதா, நீங்க நிஜமாவே கேட்டீங்களா?" என்று அழுதேன்.

அவர் குனிந்து, மற்றவர்களுக்குக் கேட்காமல், என்னிடம் மட்டும் சொன்னார். "என் காதுல அப்ப ஒண்ணுமே விழலை மதாம். ஆனா அவளைப் பொய்க்காரின்னு ஊர் பேச விட்டுட்டு, எந்த மூஞ்சியோட அவளைக் கட்டிக்கிறது?"

பிறகு நிமிர்ந்து, ஒதெத்தைத் தாண்டிப் போய்க் காரில் பெட்டிகளைக் கட்டியிருந்த கயிற்றை அவிழ்க்க ஆரம்பித்தார்.